முகடு மறைத்த ஆட்டக்காரர்

மேஜர் ஷைத்தான் சிங் பாட்டி 1924 டிசம்பர் 1 அன்று, ஜோத்பூர் சமஸ்தானத்தில் பலோடிக்குப் பக்கத்திலுள்ள பானாசர் என்ற சிற்றூரில் பிறந்தார். லடாக்கின் ரெசாங் லா கணவாயில் சீனப் படையோடு நடந்த சண்டையில் 1962 நவம்பர் 18 அன்று இறந்தார். 38 வயது நிறைய இன்னும் 13 நாள் இருந்தது. நாட்டின் மிக உயர்ந்த போர்க்கால விருதான பரம் வீர் சக்ரா அவருக்கு அளிக்கப்பட்டது. ராணுவத்தில் சேருவதற்கு முன்பு, பள்ளி நாள்களில், ஊரார் அவரை நல்ல கால்பந்துக்காரராகத்தான் அறிந்திருந்தார்கள்.

பெயரைக் கேட்டதும் தமிழ் வாசகர் திடுக்கிடலாம். ஷைத்தான் என்று பிள்ளைக்குப் பெயர் வைப்பார்களா? வட இந்தியாவில் அது அபூர்வமான பெயர் அல்ல. திருநெல்வேலிப் பக்கம் பிச்சை, குப்பன், குப்பம்மாள் என்றெல்லாம் பிள்ளைகளுக்குப் பெயர் வைத்த தலைமுறைகள் உண்டு. கண்ணேறு படக்கூடாது, பிள்ளை தங்கவேண்டும் என்பதற்காக அழகில்லாத பெயரைச் சூட்டும் வழக்கம் தாமிரபரணிக் கரைக்கு மட்டும் சொந்தமானதில்லை.

தந்தை ஹேம் சிங் பாட்டியும் படைவீரர். முதல் உலகப் போரில் இந்தியப் படையோடு பிரான்ஸ் சென்று காயம்பட்டுத் திரும்பியவர். லெப்டினன்ட் கர்னல் பதவி வரை உயர்ந்தவர். ஜோத்பூர்க் குடும்பங்களுக்குப் போர் புதிதல்ல. 1918 செப்டம்பரில், இன்றைய இஸ்ரேலில் உள்ள ஹைஃபா நகரைக் குதிரைமேல் பாய்ந்து பிடித்த படைகளில் ஜோத்பூர் லான்சர்ஸும் ஒன்று. அந்தப் பாய்ச்சலில் இறந்த மேஜர் தல்பத் சிங்கை ஜோத்பூர் இன்றும் நினைவில் வைத்திருக்கிறது. அப்படிப்பட்ட ஊரில் பெருமைக்குரிய ஆட்டம் போலோ. ஆனால் போலோ ஆட லாயம் வேண்டும், குதிரைகள் வேண்டும், அவற்றைப் பேண ஆள் வேண்டும். கால்பந்துக்கு ஒரு பந்தும் நாலு கல்லும் போதும். சோபாஸ்னியில் இருந்த ராஜபுத்திர உயர்நிலைப் பள்ளியில் ஷைத்தான் சிங் பெயரெடுத்தது இந்த இரண்டாவது ஆட்டத்தில்தான். 1943-இல் பள்ளிப் படிப்பை முடித்து, ஜோத்பூர் ஜஸ்வந்த் கல்லூரியில் சேர்ந்து, 1947-இல் பட்டம் பெற்றார்.

அந்தக் காலத்தில் ‘அமெச்சூர்’ கால்பந்துக்காரர் என்று தனியாகச் சொல்லவேண்டிய தேவையே இந்தியாவில் இல்லை. எல்லோருமே அமெச்சூர்தான். பந்தை உதைத்துச் சோறு தின்ன வழி கிடையாது. பள்ளியில் ஆடுவார்கள், கல்லூரியில் ஆடுவார்கள். பிறகு ரயில்வேயிலோ துறைமுகத்திலோ காவல்துறையிலோ வேலை கிடைத்தால் அந்த அலுவலக அணிக்காக ஆடுவார்கள். பாளையங்கோட்டைப் பள்ளி மைதானங்களில் மாலை வெயிலில் ஆடிய எத்தனையோ பேரின் கதையும் இதுதான். ‘நல்லா ஃபுட்பால் ஆடுவான்’ என்ற பேச்சு ஒரு பையனுக்குத் தெருவில் மரியாதை தரும், சில வேளை வேலையும் வாங்கித் தரும். அதற்கு மேல் ஒன்றுமில்லை. காலணி இல்லாமல் ஆடுவதும் அன்று சாதாரணம். 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் யூகோஸ்லாவியாவிடம் 10-1 என்று தோற்ற பிறகுதான் பூட்ஸ் கட்டாயமாக்கப்பட்டது.

கால்பந்தையும் சம்பளத்தையும் ஓரளவு சேர்த்து வைத்த இடங்களில் ராணுவம் முக்கியமானது. நாட்டின் பழமையான கால்பந்துப் போட்டியான டுராண்ட் கோப்பையே 1888-இல் சிம்லாவில் படையினருக்காகத் தொடங்கப்பட்டதுதான். நீலகிரியில் வெலிங்டனில் இருக்கும் மெட்ராஸ் ரெஜிமென்டல் சென்டர் 1955-இலும் 1958-இலும் அந்தக் கோப்பையை வென்றது. அந்த அணியின் கோலி பீட்டர் தங்கராஜ். அங்கே அவர் முதலில் முன்னணி ஆட்டக்காரர். பிறகே கோல் கம்பத்துக்கு வந்தார்.

ஷைத்தான் சிங்கைத் தங்கராஜோடு ஒரே வரிசையில் வைக்க முடியாது. அவர் தேசிய அணிக்கு ஆடியவரல்லர். பள்ளி அளவில் பெயர் வாங்கியவர். போரில் இறந்த அமெச்சூர் ஆட்டக்காரர் என்றதும் உலகம் நினைவுகூரும் பெயர்கள் வேறு. 1912 ஸ்டாக்ஹோம் ஒலிம்பிக் இறுதி ஆட்டத்தில் டென்மார்க்கை 4-2 என்று வென்ற பிரிட்டன் அணியில் ஜோ டைன்ஸ் என்ற பள்ளி ஆசிரியர் ஆடினார். காசு வாங்காமலே ஆடி, லிவர்பூல் அணிக்காக ஒரே ஒரு லீக் ஆட்டத்தில் இறங்கியவர். தங்கப் பதக்கம் பெற்ற ஆறே ஆண்டில், 1918 செப்டம்பர் 27 அன்று, பிரான்சில் இயந்திரத் துப்பாக்கிச் சூட்டில் இறந்தார். அடுத்த வாரமே பெர்னார்ட் வான் இறந்தார். டெர்பி கவுன்டிக்கு மூன்று ஆட்டம் ஆடிய பாதிரியார் அவர். மதகுருவாக அல்லாமல் சண்டையிடும் அதிகாரியாகப் போய் விக்டோரியா கிராஸ் பெற்றவர். இவர்களுக்கும் ஷைத்தான் சிங்குக்கும் ஒரு வேறுபாடு இருக்கிறது. டைன்ஸும் வானும் வேறு தொழிலிலிருந்து போருக்குப் போனவர்கள். ஷைத்தான் சிங் படையையே தொழிலாகக் கொண்டவர். ஆட்டம்தான் அவருக்கு உபரி.

1947 ஆகஸ்ட் 1 அன்று, சுதந்திரத்துக்கு இரண்டு வாரம் முன்பு, அவர் ஜோத்பூர் சமஸ்தானப் படையில் அதிகாரியாகச் சேர்ந்தார். சமஸ்தானம் இந்தியாவோடு இணைந்ததும் அதன் படையும் கலைந்து இந்திய ராணுவத்தில் கரைந்தது. அவர் குமாவுன் ரெஜிமென்டுக்கு மாற்றப்பட்டார். அடுத்த பதின்மூன்று ஆண்டு வழக்கமான ராணுவ வாழ்க்கை: நாகா மலைகளில் பணி, 1955-இல் கேப்டன், 1961-இல் கோவா நடவடிக்கை, 1962 ஜூனில் மேஜர்.

குமாவுன் ரெஜிமென்டுக்கும் விளையாட்டுக்கும் ஏற்கெனவே ஒரு விசித்திரத் தொடர்பு இருந்தது. நாட்டின் முதல் பரம் வீர் சக்ராவைப் பெற்ற மேஜர் சோம்நாத் சர்மா அந்த ரெஜிமென்டுக்காரர். 1947 நவம்பர் 3 அன்று ஸ்ரீநகர் விமானத் தளத்தைக் காக்கப் பட்காமில் நின்றபோது அவர் கையில் மாவுக்கட்டு இருந்தது; ஹாக்கி ஆடி முறிந்த கை. அந்தக் கட்டோடே போய் அங்கேயே இறந்தார். அதே ரெஜிமென்டின் இரண்டாவது பரம் வீர் சக்ரா ஷைத்தான் சிங்குடையது.

1962 செப்டம்பர் 4 அன்று ஜகார்த்தாவில் ஆசிய விளையாட்டுப் போட்டியின் கால்பந்து இறுதி ஆட்டம் நடந்தது. இந்தியா தென் கொரியாவை 2-1 என்று வென்று தங்கம் பெற்றது. பி.கே. பானர்ஜியும், தலையில் தையலோடு ஆடிய ஜர்னைல் சிங்கும் கோல் அடித்தார்கள். கோலில் நின்றது மெட்ராஸ் ரெஜிமென்டில் வளர்ந்த அதே தங்கராஜ். இந்தியக் கால்பந்தின் உச்சம் அந்த நாள் என்று சொல்லலாம். அதற்குப் பிறகு ஆசியத் தங்கம் வரவே இல்லை. அந்த ஆட்டம் முடிந்த சில வாரங்களில், காஷ்மீரின் பாரமுல்லாவில் இருந்த ஷைத்தான் சிங்கின் 13-ஆவது குமாவுன் படைப்பிரிவு லடாக்குக்கு நகர்த்தப்பட்டது. அக்டோபர் 20 அன்று சீனாவோடு போர் தொடங்கியது.

சுசூல் என்ற ஊரில் ஒரு சிறு விமானத் தளம் இருந்தது. லே நகரின் பாதுகாப்புக்கு அது முக்கியம். சோவியத் தயாரிப்பான ஏ.என்-12 விமானங்களில் ஏ.எம்.எக்ஸ் டாங்கிகளைக் கொண்டுவந்து அங்கே இறக்கினார்கள். அத்தனை உயரத்தில் டாங்கியை விமானத்திலிருந்து இறக்குவது அன்று பெரிய துணிச்சல். தளத்தைக் காக்கச் சுற்றியிருந்த குன்றுகளில் படைகள் நிறுத்தப்பட்டன. கூர்க்காக்கள் குருங் குன்றிலும் மகர் குன்றிலும் நின்றார்கள். தென்கிழக்கே ரெசாங் லா. லடாக்கி மொழியில் லா என்றால் கணவாய். அந்த இடம் 13 குமாவுனின் ‘சார்லி’ கம்பெனிக்கு ஒப்படைக்கப்பட்டது. தலைவர் மேஜர் ஷைத்தான் சிங். ஆள் சுமார் 120.

அந்த ஆள்களில் பெரும்பாலோர் ஹரியானாவின் ரேவாரி, மகேந்திரகர், குர்கான் பகுதிகளைச் சேர்ந்த அஹீர்கள். மாடு மேய்த்த, வயல் உழுத குடும்பத்துப் பிள்ளைகள். சமவெளியில் பிறந்து வளர்ந்தவர்கள். மேஜரோ பாலைவனத்துக்காரர். பனியை வாழ்க்கையில் காணாத ஊர்களிலிருந்து வந்த இவர்கள் நின்ற இடம் 16,000 அடி உயரம். திருநெல்வேலிக்காரருக்குத் தெரிந்த மிக உயர்ந்த இடம் அகத்தியர் மலை. அதன் உச்சி 1,868 மீட்டர். இரண்டு அகத்தியர் மலைகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கி, மேலே இன்னொரு பாதி மலையையும் ஏற்றினால்தான் ரெசாங் லாவின் உயரம் வரும். மாஞ்சோலைக் குளிருக்கே கம்பளி தேடுகிறவர்களுக்கு அந்தக் குளிரை வார்த்தையால் சொல்லிப் புரியவைப்பது கடினம். காற்றில் மூச்சுக்கு அகப்படும் ஆக்ஸிஜன் கடல் மட்டத்தில் கிடைப்பதில் பாதியைச் சற்றே தாண்டும். பத்தடி வேகமாக ஏறினால் நெஞ்சு அடைக்கும். தண்ணீர் 84 டிகிரி அளவிலேயே கொதித்துவிடும். குக்கர் இல்லாமல் பருப்பு வேகாது. மண் உறைந்து கல்லாகிக் கிடந்ததால் பதுங்குகுழி தோண்டுவதே பெரும் பாடு. கையில் இருந்தது .303 துப்பாக்கி, ஒரு குண்டு சுட்டு, தாழ்ப்பாளை இழுத்து, அடுத்ததை ஏற்றவேண்டும். விறைத்த விரலோடு அதைச் செய்யவேண்டும்.

ஆனால் அவர்களைக் கைவிட்டது குளிரோ துப்பாக்கியோ மட்டுமல்ல. அந்த இடத்தின் அமைப்பு. ரெசாங் லாவுக்கும் சுசூலில் இருந்த இந்தியப் பீரங்கிகளுக்கும் நடுவே மலை முகடு ஒன்று குறுக்கே நின்றது. கால்பந்து பார்த்தவர்களுக்கு இதை விளக்குவது எளிது. கோலுக்கு அருகே ஃப்ரீ கிக் கிடைக்கிறது. எதிரணியினர் தோளோடு தோள் சேர்த்துச் சுவராக நிற்கிறார்கள். பந்து அந்தச் சுவருக்கு மேலே எழும்பவேண்டும், எழும்பிய உடனே கீழே இறங்கவும் வேண்டும். சுவரை ஒட்டி அந்தப் பக்கம் நிற்பவனுக்குப் பந்தைப் போட்டுக் கொடுக்கவே முடியாது. சுசூலில் இருந்த பீரங்கிகள் செங்குத்தாக மேலெறிந்து செங்குத்தாக இறக்கும் வகை அல்ல. முகட்டைத் தாண்டிப் பறக்கும் குண்டு ரெசாங் லாவையும் தாண்டிப் போய்த்தான் விழும். ஆக, சார்லி கம்பெனிக்குப் பீரங்கித் துணை கிடையாது. சொந்தமாக வைத்திருந்த சிறு மார்ட்டர்கள் மட்டும்தான். அவற்றால் செங்குத்தாக எறிய முடியும். ஆனால் அவை சிறியவை, கொண்டுபோன குண்டுகளும் எண்ணிக்கைக்கு உட்பட்டவை.

சீனப் படைக்கு அந்தத் தடை இல்லை. அவர்கள் பக்கமிருந்து குண்டு வீச வழி இருந்தது. கடைசி ஆள், கடைசித் தோட்டா என்று ரெசாங் லாவைப் புகழும் பேச்சுகளில் இந்த முகட்டைப் பற்றிப் பெரும்பாலும் ஒரு வரிகூட வருவதில்லை. வீரத்தைச் சொன்னால் போதும் என்று நினைக்கிறார்கள். அப்படி ஒரு வீரம் ஏன் தேவைப்பட்டது என்பதைச் சொல்ல இந்த முகட்டைச் சொல்லியாகவேண்டும்.

நவம்பர் 18 ஞாயிற்றுக்கிழமை. தாமிரபரணிப் பக்கம் கார்த்திகை பிறந்து, வடகிழக்கு மழையில் ஆறும் குளமும் நிறையும் நாள்கள் அவை. ரெசாங் லாவில் விடிவதற்கு முன்பு, பனிவிழும் இருட்டில், ஓடைகள் வழியாகச் சீனப் படையினர் மேலேறி வந்தார்கள். கம்பெனி மூன்று பிளாட்டூன்களாகப் பிரிந்து, சுமார் இரண்டு கிலோமீட்டர் நீளத்துக்குப் பரவி நின்றது. ஒவ்வொன்றையும் ஒரு ஜமேதார் நடத்தினார்: சுர்ஜா ராம், ஹரி ராம், ராம் சந்தர். வருகிறவர்கள் குறிக்குள் வரும்வரை பொறுத்திருந்து சுட்டார்கள். முதல் தாக்குதல் முறிந்தது. ஓடைகளில் உடல்கள் குவிந்தன.

அதன் பிறகு பீரங்கி முழங்கியது. பதுங்குகுழிகள் இடிந்தன, தொலைபேசிக் கம்பிகள் அறுந்தன. அடுத்த தாக்குதல் முன்னாலிருந்து மட்டும் வரவில்லை; சுற்றிக்கொண்டு பின்னாலிருந்தும் வந்தது. பிளாட்டூன்களுக்கு இடையே பேச்சு அறுந்துபோன நிலையில் ஷைத்தான் சிங் ஒரு நிலையிலிருந்து இன்னொரு நிலைக்குத் தானே நடந்தும் ஓடியும் போனார். ஆள்களை இடம் மாற்றினார், தைரியம் சொன்னார். அந்த உயரத்தில், திறந்த சரிவில், குண்டுமழைக்கு நடுவே இது என்ன காரியம் என்று மைதானத்தில் ஒரு மணி நேரம் ஓடிப் பார்த்தவர்களுக்குத் தெரியும். பள்ளிக் கால்பந்துதான் அந்தக் காலுக்கு வலுக் கொடுத்தது என்று எழுதத் தோன்றும். அது எழுதுகிறவரின் ஆசை. பதினைந்து ஆண்டு ராணுவம் எந்தக் காலையும் தயார் செய்துவிடும்.

கையிலே முதல் காயம். பிறகு வயிற்றில் இயந்திரத் துப்பாக்கிக் குண்டு. கூட இருந்தவர்கள் அவரைத் தூக்கிக்கொண்டு இறங்கினார்கள். தூக்கிச் சென்றவர்கள்மீதும் குண்டு பாய்ந்தபோது, தன்னை விட்டுவிட்டுப் போகும்படி அவர் கட்டளையிட்டார். ஒரு பெரிய பாறைக்குப் பின்னே அவரைச் சாய்த்து வைத்துவிட்டு வந்தார்கள்.

கம்பெனியில் 110-க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். சிலர் பிடிபட்டார்கள், தப்பித்து வந்தவர்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவர்கள். சீனத் தரப்பில் எத்தனை பேர் இறந்தார்கள் என்பதில் இரு நாட்டுக் கணக்குகளுக்கும் நடுவே பெரிய இடைவெளி உண்டு. மூன்று நாள் கழித்து, நவம்பர் 21 அன்று, சீனா போர்நிறுத்தம் அறிவித்தது. சுசூல் விமானத் தளம் இந்தியாவிடமே நின்றது.

தப்பி வந்த சிலர் ரெசாங் லாவில் நடந்ததைச் சொன்னபோது பலர் நம்பவில்லை. ஒரு கம்பெனி முழுக்க நின்ற இடத்திலேயே செத்ததா, ஒருவர்கூடப் பின்வாங்கவில்லையா என்ற சந்தேகம். தோற்ற போரின் நடுவே வந்த செய்தி என்பதால் அது இன்னும் கூடியது. சாட்சியத்தைப் பனி மூடியிருந்தது. 1963 பிப்ரவரியில், ஆடு மேய்க்கும் லடாக்கி ஒருவர் அந்தப் பக்கம் போனார். பனிக்குள் துப்பாக்கியோடு விறைத்த உடல்களைக் கண்டு வந்து சொன்னார். சுசூல் படையின் தலைவர் பிரிகேடியர் டி.என். ரைனா தேடும் குழுவோடு சென்றார். பின்னாளில் தரைப்படைத் தளபதியான அதே ரைனா.

குழு கண்ட காட்சி சந்தேகங்களை முடித்து வைத்தது. பலர் குழிக்குள்ளேயே, ஆயுதத்தைப் பிடித்தபடியே உறைந்து கிடந்தார்கள். மார்ட்டருக்கு வைத்திருந்த ஆயிரம் குண்டுகளில் ஏழு மட்டுமே மிஞ்சியிருந்ததாகப் பதிவு சொல்கிறது. மருத்துவ உதவியாளர் தரம்பால் தஹியாவின் கையில் மருந்தூசியும் கட்டுத்துணியும் அப்படியே இருந்தன. மேஜர் ஷைத்தான் சிங், விட்டுவந்த அதே பாறைக்குப் பின்னே இருந்தார். மூன்று மாதக் குளிரில் உடல் குலையவில்லை.

மற்றவர்களுக்குச் சுசூலிலேயே ராணுவ மரியாதையோடு தகனம் நடந்தது. மேஜரின் உடல் மட்டும் ஜோத்பூருக்கு விமானத்தில் கொண்டுவரப்பட்டது. பரம் வீர் சக்ராவோடு அந்த ஒரே கம்பெனிக்கு எட்டு வீர் சக்ராக்களும் கிடைத்தன. அவற்றில் மூன்று, மூன்று ஜமேதார்களுக்கு. ஒன்று தஹியாவுக்கு. இன்னொன்று லான்ஸ் நாயக் சிங் ராமுக்கு; ஊரில் மல்யுத்தம் பழகிய அவர், தோட்டா தீர்ந்த பிறகு வெறுங்கையோடு எதிரியைப் பிடித்து மோதியதாகச் சொல்லப்படுகிறது. விளையாட்டு நேராகப் போர்க்களத்துக்கு வந்தது என்றால் அது இவரிடத்தில்தான்.

சார்லி கம்பெனி பிறகு ரெசாங் லா கம்பெனி என்று பெயர் மாறியது. பானாசரிலும் ஜோத்பூரிலும் மேஜரின் பெயர் ஊருக்கும் சதுக்கத்துக்கும் ஏறியது. 1980-களில் இந்தியக் கப்பல் கழகம் தன் எண்ணெய்க் கப்பல்களுக்குப் பரம் வீர் சக்ரா பெற்றவர்களின் பெயரை வைத்தபோது ஒரு கப்பல் மேஜர் ஷைத்தான் சிங் ஆனது. கடலே இல்லாத ஊரில் பிறந்தவரின் பெயர் கடலில் மிதந்தது. 2023 ஜனவரியில் அந்தமானின் பெயரில்லாத 21 தீவுகளுக்கு அதே விருதாளர்களின் பெயர்கள் சூட்டப்பட்டன. அதிலும் அவர் உண்டு. 2025-இல் ரெசாங் லா சண்டை ‘120 பகதூர்’ என்ற இந்திப் படமாக வந்தது. ஃபர்ஹான் அக்தர் மேஜராக நடித்தார்.

சுசூலில் உள்ள நினைவிடம் புதுப்பிக்கப்பட்டு, 2021 நவம்பர் 18 அன்று திறக்கப்பட்டது. 13 குமாவுனில் பணியாற்றிய முதிய பிரிகேடியர் ஆர்.வி. ஜட்டாரைச் சக்கர நாற்காலியில் வைத்துப் பாதுகாப்பு அமைச்சர் ராஜ்நாத் சிங்கே தள்ளிக்கொண்டு போனார். மேஜரின் உடல் கிடைத்த இடத்திலும் முன்பு ஒரு நினைவுச் சின்னம் இருந்தது. 2021-இல் இந்திய, சீனப் படைகள் எல்லையில் பின்வாங்கியபோது அந்த இடம் யாரும் நுழையாத இடைநிலப் பகுதிக்குள் போய்விட்டது என்றும், சின்னம் அகற்றப்பட்டது என்றும் சுசூல் பகுதியின் மக்கள் பிரதிநிதி 2023 டிசம்பரில் தெரிவித்தார்.